பிளேயருக்குப் பின் பிரவுன்: புதிய பிரதமருக்குக் காத்திருந்த பழைய கடன்கள்

பிரிட்டனில் பிரதமர் மாறும்போதெல்லாம் நம் வீடுகளிலும் அந்தச் செய்தி பேசப்படுகிறது. நம்மவர்களின் பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள்; உறவினர்கள் அங்கே மருத்துவமனைகளிலும் கடைகளிலும் வேலை பார்க்கிறார்கள். அதற்கும் மேலாக, இராக், ஆப்கானிஸ்தான், பாலஸ்தீன் என்று முஸ்லிம் நாடுகளின் தலைவிதியில் லண்டன் எடுத்த முடிவுகளுக்குப் பெரும் பங்கு உண்டு. ஆகவே ஒவ்வொரு முறையும் நாம் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: ஆள் மாறினால் கொள்கையும் மாறுமா?

இந்தக் கேள்விக்கு விடை தேட, 2007-ல் டோனி பிளேயரிடமிருந்து கோர்டன் பிரவுனுக்குப் பதவி கைமாறிய நிகழ்வைப் போல் பொருத்தமான எடுத்துக்காட்டு வேறில்லை. பொதுத்தேர்தல் இல்லாமல், ஒரே கட்சிக்குள், பத்தாண்டுகள் அருகருகே பணியாற்றிய இருவருக்கு இடையே நடந்த மாற்றம் அது. புதிய பிரதமருக்குக் காத்திருந்த சவால்கள் என்ன, அவற்றை அவர் எப்படி எதிர்கொண்டார் என்பதை இக்கட்டுரையில் பார்ப்போம்.

தேர்தல் இல்லாமல் ஒரு பிரதமர்

பிரிட்டனில் மக்கள் பிரதமரை நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை. தங்கள் தொகுதி உறுப்பினருக்கு மட்டுமே வாக்களிக்கிறார்கள். காமன்ஸ் சபையில் யாருக்குப் பெரும்பான்மை ஆதரவு உண்டோ அவரை மன்னரோ அரசியோ அழைத்து ஆட்சி அமைக்கச் சொல்வார். ஆளும் கட்சி நடுவழியில் தன் தலைவரை மாற்றிக்கொண்டால், பிரதமரும் மாறிவிடுவார். தேர்தல் நடத்தியாக வேண்டும் என்ற கட்டாயம் சட்டத்தில் இல்லை.

பிளேயர் 1997 மே மாதம் பிரதமரானார். 2005 தேர்தலில் மூன்றாவது முறையாக வென்றாலும், அவரது தொழிலாளர் கட்சிக்குக் கிடைத்தது சுமார் 35 சதவீத வாக்குகள் மட்டுமே. இராக் போரால் அவர் செல்வாக்கு சரிந்திருந்தது. சொந்தக் கட்சியினரின் நெருக்கடி முற்றியதால், ஓராண்டுக்குள் விலகுவதாக 2006 செப்டம்பரில் அறிவித்தார். 2007 ஜூன் 27 அன்று பதவி விலகினார்.

கட்சித் தலைவர் தேர்தலில் பிரவுனை எதிர்த்துப் போட்டியிட இடதுசாரி உறுப்பினர் ஜான் மெக்டொன்னல் முயன்றார். போட்டியிட 45 நாடாளுமன்ற உறுப்பினர்களின் ஆதரவு வேண்டும். அவருக்கு 29 பேர்தான் கிடைத்தார்கள். பிரவுனை 313 பேர் முன்மொழிந்தார்கள். போட்டியே இல்லாமல் அவர் தலைவரானார்.

பார்வைக்கு இது பலம். உண்மையில் பிரவுனின் முதல் பலவீனம் இதுதான். மக்கள் அவரைப் பிரதமர் வேட்பாளராக நிறுத்தி வாக்களிக்கவில்லை. கட்சியிலும் போட்டி நடக்கவில்லை. "யார் உங்களைத் தேர்ந்தெடுத்தார்கள்?" என்ற எதிர்க்கட்சியின் கேள்வி அவரைக் கடைசிவரை துரத்தியது.

மாற்றம் என்ற வாக்குறுதி

ஸ்காட்லாந்து திருச்சபை போதகரின் மகன் பிரவுன். பதினாறு வயதில் ரக்பி விளையாட்டில் அடிபட்டு ஒரு கண்ணின் பார்வையை இழந்தவர். வரலாற்றில் முனைவர் பட்டம் பெற்றவர். 1997 முதல் பத்தாண்டுகள் நிதியமைச்சராக இருந்தவர். பிளேயரைப் போல மேடைக் கவர்ச்சி இல்லாதவர். ஆனால் உழைப்பாளி, விவரம் தெரிந்தவர் என்று பெயர் எடுத்தவர்.

பதவியேற்ற அன்று டவுனிங் தெரு வாசலில் நின்று அவர் பேசிய சில நிமிடங்களில் திரும்பத் திரும்ப வந்த சொல் 'மாற்றம்'. அமைச்சரவையிலும் புதிய முகங்கள் வந்தன. டேவிட் மிலிபாண்ட் வெளியுறவு அமைச்சரானார். ஜாக்கி ஸ்மித் பிரிட்டனின் முதல் பெண் உள்துறை அமைச்சரானார். டியூஸ்பரி தொகுதி உறுப்பினர் ஷாஹித் மாலிக் சர்வதேச வளர்ச்சித் துறையில் துணை அமைச்சரானார். பிரிட்டிஷ் அரசில் அமைச்சர் பொறுப்பேற்ற முதல் முஸ்லிம் என்று அவர் குறிப்பிடப்பட்டார்.

ஆனால் மாற்ற வேண்டிய விஷயங்களில் பலவற்றுக்கும் பிரவுனே உடந்தையாக இருந்தவர். பிளேயர் அரசின் இரண்டாவது சக்தி வாய்ந்த மனிதர் அவர். முந்தைய ஆட்சியைக் குறை சொன்னால் அது தன்னையே குறை சொல்வதாகும். குறை சொல்லாவிட்டால் மாற்றம் என்ற பேச்சுக்குப் பொருள் இல்லை. இந்தச் சிக்கல் அவரது ஒவ்வொரு சவாலிலும் தலைகாட்டியது.

மூன்றே நாளில் வந்த சோதனை

பிரவுன் பதவியேற்ற இரண்டாம் நாள், ஜூன் 29 அதிகாலை, லண்டன் ஹேமார்க்கெட் பகுதியில் ஓர் இரவு விடுதிக்கு வெளியே வெடிபொருள் நிரப்பிய கார் கண்டுபிடிக்கப்பட்டது. அருகிலேயே நிறுத்தப்பட்டிருந்த இன்னொரு காரிலும் வெடிபொருள் இருந்தது. இரண்டும் வெடிக்கவில்லை. மறுநாள் கிளாஸ்கோ விமான நிலைய முனையத்தின் மீது எரியும் ஜீப் ஒன்று மோதியது. ஓட்டி வந்தவர் தீக்காயங்களால் பின்னர் இறந்தார். அவருடன் வந்த இராக்கிய மருத்துவருக்கு 2008-ல் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. பொதுமக்களில் யாரும் உயிரிழக்கவில்லை.

2005 ஜூலை 7 அன்று லண்டன் ரயில்களிலும் பேருந்திலும் நடந்த குண்டுவெடிப்புகளில் 52 பேர் கொல்லப்பட்டு அப்போது இரண்டு ஆண்டுகள்கூட நிறைவடையவில்லை. அந்த நாட்களில் பிரிட்டிஷ் முஸ்லிம்கள் பட்ட மனவேதனை இன்னும் ஆறவில்லை. இப்போது மீண்டும் அதே சந்தேகப் பார்வை திரும்பும் என்ற அச்சம் எழுந்தது.

பிரவுன் இங்கே தனக்கு முந்தியவரிடமிருந்து வேறுபட்டார். நாடகத்தனமான பேச்சு இல்லை. புதிய சட்டங்களை அவசர அவசரமாக அறிவிக்கவில்லை. இதை ஒரு மதத்தோடு சேர்க்காமல் குற்றச் செயலாகவே அவரும் உள்துறை அமைச்சரும் பேசினார்கள். 'பயங்கரவாதத்தின் மீதான போர்' என்ற சொற்றொடரையும் அவரது அரசு தவிர்த்தது. ஒரு நாட்டின் தலைவர் பயன்படுத்தும் சொல், மறுநாள் காலை பள்ளிக்கூட வாசலிலும் பேருந்திலும் எதிரொலிக்கும். அந்த வகையில் இது சிறிய விஷயம் அல்ல.

இருந்தாலும் சந்தேகத்தின் நிழல் படாமல் இல்லை. கைதானவர்களில் பலர் மருத்துவத் துறையினர் என்பதால், வெளிநாட்டு மருத்துவர்களைப் பணியில் சேர்க்கும் முறை மறுஆய்வு செய்யப்படும் என்று பிரவுன் அறிவித்தார். இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் சென்ற ஏராளமான மருத்துவர்களை நம்பி இயங்கும் துறை அது. கிளாஸ்கோ சம்பவத்தின் அதிர்வு ஆஸ்திரேலியா வரை சென்றது. தாக்குதல் நடத்தியவரின் உறவினர் என்பதற்காகவும், முன்பு பிரிட்டனில் ஒரு சிம் கார்டைக் கொடுத்துவிட்டு வந்தார் என்பதற்காகவும், அங்கே பணியாற்றிய இந்திய முஸ்லிம் மருத்துவர் ஒருவர் பிரிஸ்பேன் விமான நிலையத்தில் கைது செய்யப்பட்டார். குற்றச்சாட்டு இன்றி 12 நாட்கள் வைத்திருந்தார்கள். சிம் கார்டு குறித்து நீதிமன்றத்தில் சொல்லப்பட்ட தகவல் தவறு என்று தெரிந்ததும் வழக்கு கைவிடப்பட்டது. 2010-ல் ஆஸ்திரேலிய அரசு அவருக்கு இழப்பீடு வழங்கியது. குற்றச்சாட்டு இல்லாமல் காவலில் வைக்கும் அதிகாரம் எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு அந்த வழக்கு ஒரு சான்று.

இராக் என்ற பழைய கணக்கு

2003 மார்ச் 18 அன்று காமன்ஸ் சபை 412-க்கு 149 என்ற கணக்கில் இராக் போருக்கு ஒப்புதல் அளித்தது. அதற்கு முந்தைய மாதம் லண்டன் வீதிகளில் இலட்சக்கணக்கானோர் திரண்டு போர் வேண்டாம் என்று முழங்கியிருந்தார்கள். அமைச்சர் ராபின் குக் பதவியைத் துறந்தார். பிரவுன் துறக்கவில்லை. போருக்கு ஆதரவாக வாக்களித்தார். நிதியமைச்சர் என்ற முறையில் போருக்கான பணத்தையும் அவரே ஒதுக்கினார்.

அவர் பிரதமரானபோது தெற்கு இராக்கில் சுமார் 5,500 பிரிட்டிஷ் வீரர்கள் இருந்தார்கள். உடனே வெளியேறினால் அமெரிக்காவுடன் உறவு கெடும்; தொடர்ந்து இருந்தால் உள்நாட்டில் வெறுப்பு வளரும். பிரவுன் நடுவழியைத் தேர்ந்தெடுத்தார். ஜூலை இறுதியில் கேம்ப் டேவிட் சென்று புஷ்ஷைச் சந்தித்தார். பிளேயர் காட்டிய நெருக்கத்தை அங்கே காட்டவில்லை, ஆனால் கூட்டணியை முறிக்கவும் இல்லை. செப்டம்பர் தொடக்கத்தில் பஸ்ரா நகர அரண்மனைத் தளத்திலிருந்து பிரிட்டிஷ் படை விமான நிலையத்துக்குப் பின்வாங்கியது. டிசம்பரில் பஸ்ரா மாகாணப் பொறுப்பு இராக்கியரிடம் ஒப்படைக்கப்பட்டது. போர் நடவடிக்கைகள் முழுமையாக முடிய 2009 ஏப்ரல் ஆனது. இராக்கில் உயிரிழந்த பிரிட்டிஷ் வீரர்கள் 179 பேர். இராக்கிய மக்கள் இழந்த உயிர்கள் இலட்சக்கணக்கில்.

பதவியேற்ற முதல் வாரத்திலேயே, போர் தொடுக்கும் அதிகாரத்தை நாடாளுமன்றத்துடன் பகிர்ந்துகொள்வது உள்ளிட்ட அரசியல் சீர்திருத்தங்களைப் பிரவுன் முன்வைத்தார். நல்ல யோசனை. ஆனால் அது சட்டமாகவில்லை. போரைப் பற்றிய முழு விசாரணையையும் 2009 ஜூன் வரை தள்ளிப்போட்டார். முதலில் அதை மூடிய அறையில் நடத்தப்போவதாகச் சொல்லி, எதிர்ப்புக் கிளம்பிய பின்னரே பொது விசாரணைக்கு இணங்கினார். சில்காட் தலைமையிலான அந்தக் குழுவின் அறிக்கை வெளிவந்தது 2016 ஜூலையில்தான். அமைதியான வழிகள் எல்லாம் முயன்று பார்க்கப்படும் முன்பே பிரிட்டன் போரில் இறங்கியது என்று அறிக்கை கூறியது. அதற்குள் பிரவுன் பதவியிலிருந்து இறங்கி ஆறு ஆண்டுகள் ஆகியிருந்தன.

பிளேயரோ, பதவி விலகிய அதே நாளில் மத்திய கிழக்கு அமைதிக்கான நால்வர் அணியின் தூதராக நியமிக்கப்பட்டார். இராக் போரை நடத்தியவருக்கே பாலஸ்தீன அமைதிப் பொறுப்பு என்ற செய்தியை முஸ்லிம் உலகம் எப்படி எடுத்துக்கொண்டது என்பதை நாம் விளக்க வேண்டியதில்லை.

28 நாட்களா, 42 நாட்களா?

சொல்லை மாற்றிய பிரவுன், சட்டத்தில் என்ன செய்தார்? பயங்கரவாதச் சந்தேகத்தில் பிடிபட்ட ஒருவரைக் குற்றச்சாட்டு இல்லாமல் 90 நாட்கள் காவலில் வைக்கும் அதிகாரத்தை பிளேயர் 2005-ல் கேட்டார். காமன்ஸ் சபை அதைத் தோற்கடித்து 28 நாட்கள் என்று நிர்ணயித்தது. அது பிளேயருக்குக் காமன்ஸ் சபையில் கிடைத்த முதல் தோல்வி.

பிரவுன் இதோடு விட்டிருக்கலாம். ஆனால் பாதுகாப்பு விஷயத்தில் தளர்ந்தவர் என்ற பெயர் வந்துவிடக் கூடாது என்று 42 நாட்கள் கேட்டார். 2008 ஜூன் 11 அன்று 315-க்கு 306 என்ற கணக்கில், வட அயர்லாந்துக் கட்சி ஒன்றின் ஒன்பது உறுப்பினர்கள் கைகொடுத்ததால் மட்டுமே மசோதா பிழைத்தது. அவருடைய கட்சியினரே 36 பேர் எதிர்த்து வாக்களித்தார்கள். எதிர்க்கட்சியின் டேவிட் டேவிஸ் கண்டனமாகத் தன் உறுப்பினர் பதவியையே துறந்து மீண்டும் போட்டியிட்டார். உளவுத்துறை எம்.ஐ.5-ன் முன்னாள் தலைவர் எலைசா மானிங்ஹாம்-புல்லர்கூட பிரபுக்கள் சபையில் இதை எதிர்த்துப் பேசினார். அக்டோபரில் பிரபுக்கள் சபை 309-க்கு 118 என்று நிராகரித்ததும் அரசு அதைக் கைவிட்டது. பின்னர் வந்த ஆட்சியில், 2011-ல், இந்தக் காலம் 14 நாட்களாகக் குறைந்தது.

இச்சட்டம் யார் வீட்டுக் கதவைத் தட்டும் என்பது பிரிட்டிஷ் முஸ்லிம் குடும்பங்களுக்குத் தெரிந்தே இருந்தது. தவறாகச் சந்தேகிக்கப்பட்ட ஒருவர் ஆறு வாரம் உள்ளே இருந்துவிட்டு வெளியே வந்தால் அவருக்கு வேலையும் இருக்காது, தெருவில் மதிப்பும் இருக்காது. அதைத் தடுத்தவர்களில் பெரும்பாலோர் முஸ்லிம்கள் அல்லர். நீதிமன்றமும் சட்டமும் அறிந்த பொதுவான மனிதர்கள். இதை நன்றியுடன் நினைவில் வைப்பது நம் கடமை.

கைக்கு எட்டிய தேர்தல்

2007 கோடை பிரவுனுக்குச் சாதகமாகவே போனது. கிளாஸ்கோ தாக்குதல், ஜூலை வெள்ளம், ஆகஸ்டில் சர்ரேயில் தோன்றிய கோமாரி நோய் எல்லாவற்றையும் நிதானமாகக் கையாண்டார் என்று பாராட்டப்பட்டார். செப்டம்பர் இறுதியில் சில கருத்துக்கணிப்புகளில் அவர் கட்சி பத்துப் புள்ளிகள் அளவுக்கு முன்னே இருந்தது. உடனே தேர்தல் நடத்தி மக்களின் ஆணையைப் பெற்றுவிடலாம் என்று அவரைச் சுற்றியிருந்தவர்கள் பேசினார்கள். அவர் மறுக்கவில்லை, பேச்சு வளர்ந்தது.

அக்டோபர் 1 அன்று எதிர்க்கட்சியின் ஜார்ஜ் ஆஸ்பர்ன், பத்து லட்சம் பவுண்டு வரையிலான சொத்துக்கு வாரிசு வரி இருக்காது என்று அறிவித்தார். கணிப்புகள் மாறின. மறுநாள் பிரவுன் இராக் சென்று, கிறிஸ்துமஸுக்குள் ஆயிரம் வீரர்கள் திரும்புவார்கள் என்றார். படைவீரர்களை வைத்து அரசியல் செய்கிறார் என்ற கண்டனம் எழுந்தது. அக்டோபர் 6 அன்று தேர்தல் இல்லை என்று அறிவித்தார். கணிப்புகளுக்கும் இம்முடிவுக்கும் தொடர்பில்லை என்று அவர் சொன்னதை யாரும் நம்பவில்லை. தயங்குபவர் என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. 1978-ல் இதேபோல் தேர்தலைத் தள்ளிப்போட்டு மறு ஆண்டு தோற்ற ஜேம்ஸ் கேலகனின் கதையைப் பத்திரிகைகள் நினைவூட்டின. அவரும் நடுவழியில் பிரதமரானவர்தான்.

சொந்தத் துறையிலிருந்தே வந்த அடி

பொருளாதாரம் பிரவுனின் பலம் என்று எல்லோரும் நினைத்தார்கள். ஏற்றமும் வீழ்ச்சியும் மாறி மாறி வரும் பழைய காலம் முடிந்தது என்று நிதியமைச்சராக அவர் பலமுறை சொல்லியிருந்தார். 2007 செப்டம்பர் 14 காலை, நார்தர்ன் ராக் வங்கியின் கிளைகள் முன் மக்கள் வரிசையில் நின்றார்கள். வாடிக்கையாளர் சேமிப்பை விட, சந்தையில் வாங்கிய குறுகிய காலக் கடனை நம்பியே அந்த வங்கி வீட்டுக்கடன் கொடுத்துவந்தது. அமெரிக்க வீட்டுக்கடன் நெருக்கடியால் சந்தையில் கடன் வறண்டதும் அது திணறியது. அன்றைய விதிப்படி சேமிப்பில் முதல் 2,000 பவுண்டுக்கு மட்டுமே முழு உத்தரவாதம். அடுத்த 33,000-க்கு 90 சதவீதம். எனவே மக்கள் ஓடியதில் வியப்பில்லை. ஒரே நாளில் சுமார் 100 கோடி பவுண்டு எடுக்கப்பட்டது. சேமிப்பு முழுவதற்கும் அரசே பொறுப்பு என்று அறிவித்த பின்னரே வரிசை கலைந்தது. 2008 பிப்ரவரியில் வங்கி அரசுடைமை ஆனது.

அடுத்த அடி, அவரே போட்ட வரியால் வந்தது. நிதியமைச்சராகத் தந்த கடைசி பட்ஜெட்டில், அடிப்படை வருமான வரியை 22-லிருந்து 20 சதவீதமாகக் குறைத்தார். அதற்கு ஈடாக, மிகக் குறைந்த வருமானத்துக்கான 10 சதவீத வரிப்படியை நீக்கினார். 2008 ஏப்ரலில் அது நடைமுறைக்கு வந்தபோது, ஏழைத் தொழிலாளிகள் பலர் கூடுதல் வரி கட்ட நேர்ந்தது. ஏழைகளின் கட்சி ஏழைகளிடமே பிடுங்குகிறது என்று அவர் கட்சியினரே கொதித்தார்கள். சமாளிக்க 270 கோடி பவுண்டு ஒதுக்க வேண்டியதாயிற்று.

நியாயமாகச் சொன்னால், 2008 அக்டோபரில் உலக வங்கிகள் சரிந்தபோது அவர் விரைந்து செயல்பட்டார். 3,700 கோடி பவுண்டு அரசுப் பணத்தைப் பெரிய வங்கிகளில் பங்காகப் போட்டு அவற்றைத் தாங்கிய வழியைப் பிற நாடுகளும் பின்பற்றின. ஆனால் அந்த நற்பெயர் வாக்காக மாறவில்லை. 2010 மே தேர்தலில் தொழிலாளர் கட்சி 258 இடங்களே பெற்றது. மே 11 அன்று பிரவுன் பதவி விலகினார்.

நாம் பெறும் பாடம்

நடுவழியில் பதவிக்கு வந்தவர்கள் எல்லோரும் தோற்பதில்லை. 1990-ல் மார்கரெட் தாட்சருக்குப் பின் வந்த ஜான் மேஜர், மக்கள் வெறுத்த தலைவரியை நீக்கினார், 1992-ல் வென்றார். ஆளோடு கொள்கையையும் மாற்றியதை மக்கள் கண்ணால் பார்த்தார்கள். பிரவுனிடம் அவர்கள் பார்த்தது தொனியின் மாற்றத்தை மட்டுமே. 2022-ல் லிஸ் டிரஸ், வரிக்குறைப்பு அறிவிப்பால் சந்தையைக் கலங்கடித்து 49 நாட்களில் விலகினார். அவருக்குப் பின் வந்த ரிஷி சுனக்கும் கட்சியின் பழைய கணக்கைச் சுமந்தே 2024-ல் தோற்றார்.

எனவே, லண்டனில் அடுத்த முறை ஒரு புதிய முகம் டவுனிங் தெரு வாசலில் நின்று மாற்றம் என்று பேசும்போது, நாம் சில கேள்விகளைக் கேட்டுப் பார்க்கலாம். மாற்றப்போவதாகச் சொல்லும் கொள்கைக்கு அவர் முன்பு வாக்களித்தாரா? அப்படியானால் அது தவறு என்று வெளிப்படையாக ஒப்புக்கொள்கிறாரா? சொல்லில் காட்டும் கண்ணியத்தைச் சட்டத்திலும் காட்டுகிறாரா? மக்களிடம் போய் ஆணை கேட்கும் துணிவு அவருக்கு உண்டா?

பிரவுன் தன் சொற்களால் முஸ்லிம் குடும்பங்களின் மனப்புண்ணுக்குச் சற்று மருந்திட்டார். அதற்கு அவருக்குரிய மதிப்பைக் கொடுப்போம். ஆனால் இராக் போரில் தன் பங்கைத் தவறு என்று அவர் அப்போது ஏற்றுக்கொள்ளவில்லை. 42 நாள் சட்டத்தைத் தானாக விலக்கிக்கொள்ளவும் இல்லை. அதைத் தடுத்தது பிரதமர் மாற்றம் அல்ல. எழுந்து நின்று எதிர்த்த உறுப்பினர்களும் பிரபுக்கள் சபையும்தான். தலைவர் மாறும் நாளில் நம் பார்வை பிரதமரின் வாசலோடு நின்றுவிடாமல், அந்த அவைகளின் பக்கமும் திரும்ப வேண்டும்.